தீயணைப்புக்குத் தெரிந்த ஆள்

வாவிக்கரையில் இருக்கிற எங்கள் சிறிய பட்டினத்தில் எந்த அலுவல் என்றாலும் முதலில் தேடுவது தெரிந்த ஆளைத்தான். ஆஸ்பத்திரியில் நம்பர் துண்டு எடுக்க ஒரு ஆள், கரண்ட் போனால் சொல்ல ஒரு ஆள், அடையாள அட்டை தொலைந்தால் கந்தோரில் ஒரு ஆள். ஆள் இல்லாதவன் வெயிலில் வரிசையில் நிற்பான். ஆள் உள்ளவன் பின்கதவால் போய், அலுவலை முடித்துக்கொண்டு, வரிசையில் நிற்கிறவனைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுப் போவான். இதைக் கண்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். என் சொந்தத் தம்பிக்கே ஒரு நாள் நகரசபைக்குள் சிபாரிசு சொல்ல மறுத்ததில், அவன் இரண்டு தீபாவளிக்கு என் வீட்டுப் படி மிதிக்கவில்லை.

நான் சபையின் தீயணைப்புப் பிரிவில் வேலை செய்கிறேன். தீயை அணைப்பவள் அல்ல. தொலைபேசி எடுப்பதும், ஊர் ஊராய்ப் போய் விழிப்புணர்வு வகுப்பு நடத்துவதும்தான் என் வேலை. "பொண்டுகளோடயும் புள்ளைகளோடயும் கதைக்கிறதுக்கு நீங்கதான் சரி" என்று பொறுப்பதிகாரி சொன்னார். ஆண்களுக்கு அந்த வேலை வெட்கம் என்பதை அவர் அப்படிச் சொன்னார். ஒரு தீயணைப்பு வண்டி, தண்ணீர் கொண்டுபோகிற ஒரு பவுசர் வண்டி, ஒரே ஒரு தொலைபேசி. எங்கள் பிரிவு அவ்வளவுதான்.

எங்களுக்கு வருகிற அழைப்புகளில் தீதான் குறைவு. மாரி வெள்ளம் வடிந்த பிறகு சேறு நிறைந்த கிணறுகளை இறைத்துக் கொடுப்போம். கிணற்றில் விழுந்த மாட்டைக் கயிறு போட்டுத் தூக்குவோம். பள்ளிக்கூட மாமரத்தில் குளவி கூடு கட்டினால் கலைப்போம். ஒரு முறை கல்யாணப் பெண்ணின் வீங்கிய விரலில் இருந்து மோதிரத்தை வெட்டி எடுத்தோம். பெண் அழுததைவிட, வெட்டுப்பட்ட மோதிரத்தைப் பார்த்து மாமியார் அழுதது கூட. இதெல்லாம் எனக்குப் பெருமைதான். சம்பளத்துக்கு மேலே ஒரு மனநிறைவு இதில் இருக்கிறது.

எனக்கு ஆத்திரம் அந்தப் பவுசரில்தான். பெரிய ஆட்கள் வருகிறார்கள், தெருப் புழுதி அடக்கப் பவுசர். கோயிலில் சடங்கு, பவுசர். பள்ளிவாசலில் கந்தூரி, பவுசர். சனம் குடிக்கிற தண்ணீர், அதை நான் குறை சொல்லமாட்டேன். ஆனால் யாரும் ஒரு கடிதம் கொடுத்து, நேரத்தோடு கேட்பதில்லை. தெரிந்த ஆளைப் பிடிப்பார்கள், அந்த ஆள் சபை மெம்பரைப் பிடிப்பார், மெம்பர் எங்கள் தொலைபேசியைப் பிடிப்பார். பிடித்தால் விடமாட்டார். எங்கேயாவது வீடு எரிந்தால் அடிக்க வேண்டிய தொலைபேசி அது என்ற நினைப்பு அவர்களில் ஒருவருக்கும் இல்லை.

வாவியின் அந்தக் கரையில், பாலம் தாண்டி, ஒரு வீட்டுத்திட்டம் இருக்கிறது. முன்பக்கம் சபை கட்டிக் கொடுத்த கல்வீடு, பின்பக்கம் அவரவர் வசதிக்குத் தென்னோலைக் கிடுகால் மேய்ந்த சமையல் குசினி. வீட்டுக்கு வீடு கிடுகு வேலி. கச்சான் என்கிற காய்ந்த மேல்காற்று அடிக்கிற காலத்தில் அங்கே ஒரு பொறி போதும். இரண்டு வருசமாய்க் கேட்டு, ஒரு வழியாய் அங்கே ஒரு வகுப்பு வைக்க அனுமதி வாங்கினேன்.

பொது மண்டபத்தில் பெண்கள் நிறையப் பேர் வந்திருந்தார்கள். தாச்சியில் எண்ணெயைக் கொதிக்கவிட்டுப் பற்றவைத்து, ஈரச் சாக்கால் மூடி அணைத்துக் காட்டினேன். எண்ணெய் எரியும்போது தண்ணீர் ஊற்றக் கூடாது என்றேன். புகை வந்தால் குனிந்து, வாசலைப் பார்த்து ஓட வேண்டும், பொருள் பண்டத்தை நினைக்கக் கூடாது என்றேன். அப்போதுதான் முன்வரிசையில் இருந்த ஒரு பெண் எழும்பினாள். முப்பத்தைந்து வயது இருக்கும். பகலில் இடியப்பம் அவித்துப் பின்னேரம் கடைகளுக்குக் கொடுக்கிறவள் என்று பிறகு தெரிந்தது.

"மிஸ், எண்ட மனிசன் தென்னையால விழுந்தவர். இடுப்புக்குக் கீழ ஒண்டும் தெரியாது, படுக்கைதான். நீங்க ஓடுங்க ஓடுங்க எண்டுறீங்க. நான் அவர என்ன செய்யிற?"

பொறுப்பதிகாரி தந்த புத்தகத்தில் அதற்குப் பதில் இல்லை. அந்தப் புத்தகம் எழுதினவர்களின் வீடுகளில் எல்லோருக்கும் கால் இருந்திருக்க வேண்டும். நான் ஒரு படுக்கை விரிப்பு எடுத்துவரச் சொன்னேன். சீமெந்துத் தரையில் விரித்து, அதன் மேல் நானே மல்லாந்து படுத்தேன். தலைப்பக்கத்து இரண்டு மூலையையும் சேர்த்துப் பிடித்து, தரையோடு தரையாய் இழுக்கச் சொன்னேன். தூக்க நினைக்கக் கூடாது, இழுக்க வேண்டும். முதலில் சிரிப்பில் யாருக்கும் கை வரவில்லை. பிறகு அவள் தனியாகவே என்னை மண்டபத்தின் ஒரு மூலையிலிருந்து வாசல்வரை இழுத்தாள். நான் கனத்த உடம்புக்காரி. என் சேலை கிழிந்தது, என் முழங்கை உரசியது, ஆனால் அவளுக்கு வந்துவிட்டது.

கடைசியில் எங்கள் தொலைபேசி இலக்கத்தைச் சொன்னேன். எல்லோரையும் திருப்பித் திருப்பிச் சொல்லவைத்தேன். வகுப்பு முடிந்ததும் அவள் என்னிடம் வந்தாள்.

"மிஸ், உங்கட சொந்த நம்பரத் தாங்களன். தெரிஞ்ச ஆள் ஒண்டு இரிந்தா நல்லம்தானே."

எனக்குச் சுர்ரென்று ஏறியது. "இதுக்கு ஆள் தேவல்ல, தங்கச்சி. அந்த நம்பருக்கு ஆர் அடிச்சாலும் வண்டி வரும். மெம்பர்ட பொஞ்சாதி அடிச்சாலும் அதே வண்டி, நீங்க அடிச்சாலும் அதே வண்டி" என்றேன். வீட்டுக்கு வந்தும் அதை நினைத்து எரிச்சல்பட்டேன். நெருப்புக்குக்கூடச் சிபாரிசு தேடுகிற சனம் என்று என் மனிசனிடம் சொல்லிப் பொரிந்தேன். அவர் பத்திரிகையில் இருந்து தலையை எடுக்காமல், "அதுகளக் குறை சொல்லி என்ன" என்றார். அதற்கும் கோபித்துக்கொண்டேன்.

அது சித்திரை. வைகாசியில் அம்மன் கோயில்களுக்குச் சடங்கு தொடங்கும். கடைசி நாள் குளிர்த்தி, அம்மனின் சூட்டைத் தணிக்கிற நாள். வாவிக்கரை முழுக்கச் சனம் கோயில்களில்தான் கிடக்கும். எங்கள் தொலைபேசிக்கு அந்த மாதத்தில் ஓய்வில்லை.

அந்த வருசக் குளிர்த்தியன்று பகல் சாப்பிட்டுக் கை கழுவுவதற்குள் தொலைபேசி அடித்தது. மெம்பர் ஒருவர். கோயில் வண்ணக்கருக்கு, அதாவது கோயிலை நடத்துகிறவருக்கு, இரண்டு பவுசர் தண்ணீர் தருவதாய் வாக்குக் கொடுத்துவிட்டாராம். நாங்கள் காலையில் ஒன்றுதான் அனுப்பியிருந்தோம்.

"ஒரு பவுசர் எண்டா எண்ட முகத்த நான் எங்க கொண்டுபோய் வைக்கிற?" என்றார்.

"சேர், இது அவசரத்துக்கு இருக்கிற லைன். தயவுசெய்து பொறுப்பதிகாரிட மொபைலுக்கு எடுங்க."

"அவர் எடுக்கிறாரில்ல. அதாலதான் உனக்கு எடுக்கிறன். நீ ஆரு எனக்குச் சட்டம் சொல்ல?"

பொறுப்பதிகாரி ஏன் எடுக்கவில்லை என்று எனக்குத் தெரியும். அந்த மெம்பரின் பெயரைக் கண்டால் அவர் மொபைலைக் கவிழ்த்து வைத்துவிடுவார். வைக்கட்டும், அவருக்குக் கவிழ்த்துவைக்க ஒரு மொபைல் இருக்கிறது. எனக்கு முன் இருந்த பெண் ஒரு மெம்பர் பேசிக்கொண்டிருக்கும்போது லைனை வெட்டினாள் என்று அவளைச் சந்தை வரி எடுக்கிற பகுதிக்கு மாற்றினார்கள். ஆகவே நான் தொலைபேசி வாங்கியைக் காதில் வைத்துக்கொண்டு கேட்டேன். அவருடைய பாட்டன் காலத்தில் கோயிலுக்குச் செய்ததெல்லாம் சொன்னார். என்னைப் போன்றவர்கள் சம்பளம் வாங்குவது யாருடைய வரிப்பணத்தில் என்று சொன்னார். வெளியே கச்சான் காற்று யன்னலைப் போட்டு அடித்துக்கொண்டிருந்தது.

அந்த நேரத்தில் முற்றத்தில் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்த எங்கள் வண்டியின் டிரைவருக்கு அவருடைய மொபைலில் ஒரு அழைப்பு வந்தது. அவர் கோப்பையைப் போட்டுவிட்டு ஓடினார். ஓடுகிறபோதே யன்னலால் என்னைப் பார்த்துச் சொன்னார்: "அந்தக் கரைத் திட்டத்தில வீடு எரியுதாம். மச்சான் அடிக்கிறான்."

"சேர், தீ. வீடு எரியுது" என்றேன் வாங்கிக்குள்.

"சரி சரி. அப்ப மத்தப் பவுசர் பின்னேரம் வருமா?"

வீடு பற்றி எரியும்போது சுருட்டுக்கு நெருப்புக் கேட்டானாம் என்று பழமொழியாகத்தான் கேட்டிருக்கிறேன். அன்று என் காதால் கேட்டேன். நான் வாங்கியை வைத்தேன். வண்டி மணியடித்துக்கொண்டு பாலத்துப் பக்கம் திரும்பியது. யன்னலுக்கு வந்து பார்த்தால் வாவிக்கு அப்பால் கறுத்த புகை, காற்றில் சாய்ந்து கிடந்தது. அது இப்போது தொடங்கின புகை இல்லை.

எந்த வீடு என்று பின்னேரம் டிரைவர் வந்து சொன்னார். இடியப்பக்காரியின் வீடு. அவித்துக்கொண்டிருந்த அடுப்பிலிருந்து பொறி பறந்து கிடுகில் பிடித்திருக்கிறது. காற்று மிச்சத்தைப் பார்த்துக்கொண்டது. ஆண்கள் எல்லோரும் கோயிலில். எங்கள் ஆட்கள் போகும்போது குசினி தரைமட்டம், கல்வீட்டின் கூரை உள்ளே விழுந்திருந்தது. அவர்கள் முதலில் உடலைத்தான் தேடியிருக்கிறார்கள். பிறகு யாரோ வாவியைக் காட்டினார்களாம். வீட்டுக்குப் பின்னால், உட்கார்ந்தால் இடுப்பளவு வரும் தண்ணீரில், அவள் இருந்தாள். புருசனின் தலையை மடியில் தாங்கிப் பிடித்துக்கொண்டு, அந்தப் படுக்கை விரிப்போடு அவரைத் தண்ணீருக்குள் இழுத்துப்போய், வீடு எரிவதைப் பார்த்துக்கொண்டு இருந்தாள். டிரைவர் கூப்பிட்டும் அவள் உடனே வரவில்லை.

அடுத்த நாள் பொறுப்பதிகாரி என்னை அங்கே அனுப்பினார். அரிசி, சீனி, பருப்புப் பொதியோடு, சபையின் பெயர் போட்ட பதாகையும் கொடுத்தார். படம் எடுக்க வேண்டுமாம். நான் பதாகையை ஆட்டோவிலேயே விட்டுவிட்டு இறங்கினேன். அவள் பக்கத்து வீட்டில் இருந்தாள். கணவர் ஆஸ்பத்திரியில். அவரை இழுக்கும்போது விழுந்த கிடுகுத் தணலில் இடது கால் பட்டிருக்கிறது. உணர்வில்லாத கால், அவருக்குத் தெரியவில்லை. புகையில் அவளுக்கும் தெரியவில்லை. ஆஸ்பத்திரியில் நனைந்த சாரத்தை மாற்றும்போதுதான் தாதி கண்டிருக்கிறார்.

என் மேல் அவள் கோபிப்பாள் என்று நினைத்துப் போனேன். அவள் எனக்கு ஒரு கதிரையைத் துடைத்துப் போட்டாள்.

"மிஸ், நீங்க சொன்ன மாதிரித்தான் செஞ்சன். முதல் அந்த நம்பருக்குத்தான் அடிச்சன். எங்கேஜ். மறுகா அடிச்சன். மறுகாவும் எங்கேஜ். அடிச்சி அடிச்சிப் பாத்துட்டு, போனப் போட்டுட்டுத்தான் அவர இழுத்தன்." பிறகு மெதுவாய்ச் சொன்னாள்: "முதலே இழுத்திருந்தா காலுக்கு ஒண்டும் வந்திரிக்காது, என மிஸ்?"

வண்டி எப்படி வந்தது என்று அவளுக்கும் தெரியும். பக்கத்து வீட்டுக்காரனுக்கு எங்கள் டிரைவர் சொந்தம். கோயிலில் நின்று புகையைக் கண்டவன் எங்கள் இலக்கத்தை நினைக்கவே இல்லை, தன் ஆளுக்கு அடித்தான். மண்டபத்தில் நான் வாய் கிழியச் சொன்னதைக் கேட்டு நடந்தவள் வாவிக்குள் இருந்தாள். நான் சொன்னதைக் காதில் போடாதவன்தான் வண்டியைக் கொண்டுவந்தான். அன்று எனக்கு வந்த கோபம் போல ஒரு கோபம் என் வாழ்க்கையில் வந்ததில்லை. அழவும் முடியவில்லை. ஆட்டோவில் ஏறி, அந்தப் பதாகையை மிதித்துக்கொண்டு கந்தோர்வரை வந்தேன்.

தீப்புண் ஆறவில்லை. படுக்கை நோயாளிக்கு அப்படித்தான் என்றார்கள். மாதக்கடைசியில் முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். செய்தி சபைக்கு வந்த அன்று அந்த மெம்பரும் அங்கே இருந்தார். "பாவம்தான்" என்று சொல்லிவிட்டு, "எண்டாலும் அது எப்பிடியும் வேல செய்யாத கால்தானே" என்றார். இரண்டு பேர் தலையாட்டினார்கள். அந்தக் காலுக்கு அவள் நாளாந்தம் நல்லெண்ணெய் தேய்த்துவிடுகிறவள். என்றைக்காவது ஒரு விரல் அசையும் என்று விரல் விரலாய்ப் பிடித்துவிடுகிறவள். வேலை செய்யாதது அந்தக் காலா, இந்தச் சபையா என்று அந்த இடத்திலேயே என் வாயில் வந்தது. சொல்லாமல் விழுங்கினேன்.

பொறுப்பதிகாரியிடம் போய், அவசரத்துக்கு மட்டும் இன்னொரு லைன் வேண்டும், அதில் மெம்பர்மார் கதைக்கக் கூடாது என்றேன். எழுதித் தரச் சொன்னார். எழுதிக் கொடுத்தேன். சில மாதம் போய் லைன் வந்தது. வந்தது எங்கள் பகுதிக்கு இல்லை. மெம்பர்மாருக்கு எங்களைப் பிடிக்க வசதியாய், அவர்கள் கூடியிருக்கிற அறைக்கு. அங்கிருந்து அவர்கள் அடிப்பது அதே என் மேசைத் தொலைபேசிக்குத்தான். இப்போது அவர்கள் ஆள் மாற்றி ஆள் பேசலாம். கேட்டால், "நீங்க கேட்டபடி லைன் எடுத்தாச்சே" என்கிறார்கள்.

அதற்குப் பிறகும் எனக்கு வகுப்பு நடத்த வேண்டியிருந்தது. அதே மண்டபம், அதே பெண்கள். ஈரச் சாக்கு, எண்ணெய்த் தாச்சி எல்லாம் காட்டினேன். இலக்கம் சொல்ல வேண்டிய இடம் வந்தபோது முன்வரிசையில் அவள் இருந்தாள். நான் கரும்பலகையில் சபையின் இலக்கத்தை எழுதிவிட்டு, அதற்கு மேலே என் சொந்த மொபைல் இலக்கத்தை எழுதினேன். "முதல் இதுக்கு அடிங்க. நான் வீட்டில நிண்டாலும் டிரைவருக்குச் சொல்லுவன்" என்றேன். மண்டபத்தில் இருந்த எல்லாப் போன்களும் வெளியே வந்தன. ஊரில் யாருக்கும் ஆளாக இருக்கமாட்டேன் என்று தம்பியைப் பகைத்தவள், ஒரே நாளில் ஒரு திட்டத்துக்கே ஆளாகிவிட்டேன். எழுதும்போது சுண்ணக்கட்டி இரண்டு தரம் உடைந்தது, அவ்வளவு அழுத்தி எழுதினேன்.

நாலைந்து நாள் கழித்து, காலையில் நான் கறிக்கு வெட்டிக்கொண்டிருந்தபோது மொபைல் அடித்தது. அவள்தான். கத்தியைப் போட்டுவிட்டு எடுத்தேன்.

"எங்க நெருப்பு?"

"ஐயோ, நெருப்பில்ல மிஸ். எங்கிட அக்காட மகள் பெரியபிள்ளையாகிட்டா. ஞாயிற்றுக்கிழமை சாமத்தியவீடு. தண்ணிக்குத்தான் கஷ்டம். ஒரு பவுசர் எடுத்துத் தருவீங்களா? எங்களுக்கு உங்களத்தானே தெரியும்."

"இதுக்கா நான் உங்களுக்கு நம்பர் தந்த? பவுசர் கேட்டுக் கேட்டுத்தானே அண்டைக்கு அந்த லைன அடைச்சி வச்சாங்க? உங்களுக்கே தெரியாதா?" என்று கத்தினேன். இன்னும் என்னவெல்லாமோ சொன்னேன். வெட்டிவிட்டு, மொபைலைக் கவிழ்த்து வைத்தேன்.

கத்தியை எடுத்தேன். வெட்ட ஓடவில்லை. நான் சொன்னதில் ஒரு சொல்லும் பிழையில்லை என்று எனக்கு நானே சொல்லிப் பார்த்தேன். ஆனால் அவள் அந்தப் பக்கம் போனைப் பிடித்துக்கொண்டு நிற்பது கண்ணில் நின்றது. சபையின் இலக்கத்துக்கு அடித்தவளுக்கு லைன் கிடைக்கவில்லை. தெரிந்த ஆளுக்கு அடித்தவளுக்கு ஏச்சுக் கிடைத்தது. இனி அடுத்த கச்சானில் ஒரு பொறி பறந்தால், என் இலக்கத்தை எடுக்கும்போது அவள் விரல் ஒரு கணம் தயங்கும். மிஸ் கோபிப்பாவோ என்று யோசிக்கும். அந்த வீட்டில் அந்த மனிதர் இன்னும் படுக்கையில்தான் இருக்கிறார்.

நான் திருப்பி அடித்தேன். நெடுநேரம் அடித்துக்கொண்டே இருந்தது. கடைசியில் எடுத்தாள்.

"ஞாயிற்றுக்கிழம எத்தினை மணிக்கு வேணும்?" என்று கேட்டேன்.